தேன்காரர் பேசிய இடம்

மலைவாசிகளைப் பற்றிப் படமெடுக்க வந்த டைரக்டர் கேட்டதையெல்லாம் தேன்காரர் செய்து கொடுத்தார். கூரைத் தகரத்தை இறக்கிவிட்டுப் புல் வேய்ந்தார். பிளாஸ்டிக் குடங்களை ஒளித்து வைத்தார். எப்போதோ கைவிட்ட கயிற்று ஏணியை மறுபடி திரித்து, பாறையில் தொங்கித் தேன் எடுத்துக் காட்டினார். மலைவாசி மலைவாசியாக இருந்தால்தானே படத்துக்கு மவுசு! இத்தனைக்கும் பதிலாகத் தேன்காரர் கேட்டது ஒன்றே ஒன்றுதான்.

"ரோடு வேணும்னு நான் சொல்றத படத்துல போட்டுடணும் சார்."

"அதுக்கென்ன, தாராளமா பேசுங்க."

மூத்த மருமகளைப் பிரசவத்துக்காகத் தூளி கட்டிச் சுமந்து இறங்கியபோது, மலைப்பாதையின் ஒரு வளைவில் அவள் உயிர் பிரிந்தது. அந்த வளைவில் நின்றுதான் பேசினார். இளைய மருமகளும் அப்போது முழுகாமல் இருந்தாள். பேசப் பேசக் கண்ணீர் வழிந்தது.

"பிரமாதம்!" என்றார் டைரக்டர்.

அந்த இடத்தில் அந்த வார்த்தை சுருக்கென்று தைத்தது. காரியம் பெரிதா வீரியம் பெரிதா என்று பொறுத்துக்கொண்டார்.

நகரத்தில் படம் போட்டபோது இளையவளுக்கு நாள் நெருங்கியிருந்தது. தேன்காரரையும் மனைவியையும் அழைத்துப்போய் முன்வரிசையில் உட்காரவைத்தார்கள். பக்கத்து நாற்காலியில், ரோட்டுக்குக் கையெழுத்துப் போடவேண்டிய அதிகாரி. பழம் நழுவிப் பாலில் விழுந்த சந்தோஷத்தில் மனைவி இவர் தொடையைக் கிள்ளினாள்.

திரையில் அந்த வளைவு வந்தது. அவர் முகம் வந்தது, வாய் அசைந்தது. கேட்டதோ புல்லாங்குழல். அதன்மேல் யாரோ ஒருவரின் கனத்த குரல்: "இவர்களுக்கு ஒரு குறையும் இல்லை. கேட்பதற்கும் எதுவும் இல்லை. இது ஆனந்தக் கண்ணீர்."

விளக்கு எரிந்ததும் அதிகாரி அவர் கைகளைப் பிடித்துக்கொண்டார். "கொடுத்துவச்சவங்கய்யா நீங்க! அங்க ரோடு கீடுன்னு எவனாவது வந்தா நான் விடமாட்டேன்."

"ஐயா, ரோடு வேணும்னுதாங்க நான் அங்க..."

டைரக்டர் அவர் தோளில் கைபோட்டுச் சிரித்தார். "கூட்டத்தப் பாத்து மிரண்டுட்டாரு சார்."

அதிகாரியும் சிரித்துவிட்டு நகர்ந்தார். தேன்காரர் முகம் கறுத்தது. அந்த முகத்தையும் நாலைந்து பேர் போட்டோ எடுத்துக்கொண்டார்கள்.

ஜீப், ரோடு முடிகிற இடத்தில் அவர்களை இறக்கிவிட்டுத் திரும்பியது. மேலே ஏறும்போது, அந்த வளைவில் மனைவி நின்றாள்.

"இங்கதானே பேசினீங்க?"

"பேசினேன்."

வீடு சேர்ந்ததும் அரிவாளை எடுத்துக்கொண்டு காட்டுக்குள் போய், இளையவளின் தூளிக்குத் தாங்குகிற கம்பாகப் பார்த்து வெட்ட ஆரம்பித்தார்.