உடைக்காத கதவு

அந்தப் பாட்டு வெளிவந்த பிறகு ஊரில் குளியலறைக் கதவுகளுக்கு மரியாதையே போய்விட்டது. பேருந்தில் அது, முடிவெட்டும் கடையில் அது, கல்யாண மண்டபங்களில் விடிந்தது முதல் அது. "தட்டுவேன் தட்டுவேன், திறக்கலேன்னா முட்டுவேன்" என்று பல் முளைக்காத பிள்ளைகூட வாயைக் குவித்தது.

அவள் மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை பார்த்தாள். காதுக்கும் மூக்குக்கும் ஏற்றபடி சட்டத்தை நெளித்துக் கொடுப்பது அவள் வேலை. அதற்கு வந்தவரின் முகத்துக்கு வெகு பக்கத்தில் போயாக வேண்டும். அந்த நேரம் பார்த்து எதிரில் இருக்கும் பெரிய மனிதர் தொண்டைக்குள் "முட்டுவேன்" என்று முனகுவார். சட்டத்தை இன்னும் கொஞ்சம் நெருக்கி அந்தக் காதை ஒரு வழி பண்ணிவிடலாமா என்று அவளுக்குக் கை துறுதுறுக்கும்.

எழுதியது வேறு யாரோ என்றால் நன்றாகத் திட்டிவிட்டுப் போகலாம். எழுதியது அவள் புருஷன்.

சோப்புக்கும் தண்ணீர்க் குழாய்க்கும் விளம்பர வரி எழுதிக் காலத்தை ஓட்டியவனுக்குக் கிடைத்த முதல் சினிமா அது. கல்யாணத்தில் ஆரம்பித்து, தேன்நிலவில் வழுக்கி, தனிக்குடித்தனத்தில் போய் விழும் படம். கதை கைக்குட்டை அளவு. பாட்டு படுதா அளவு. அடுப்பு பற்றினால் ஒரு பாட்டு, அணைந்தால் ஒரு பாட்டு. தேன்நிலவுக்கு வந்த பாட்டுதான் இந்த 'முட்டுவேன்'. புதுப்பெண் பயந்துபோய்க் குளியலறைக்குள் தாழ்ப்பாள் போட்டுக்கொள்கிறாள். வெளியே மாப்பிள்ளை ஒரு பட்டாளத்தையே சேர்த்துக்கொண்டு வாளிகளைத் தட்டி ஆடுகிறான். கடைசி அடியில் தோளால் ஒரு முட்டு. கதவு விழுகிறது. சோப்பு நுரைக்குள்ளிருந்து அவள் வெட்கப்பட்டுச் சிரிக்கிறாள். தியேட்டரில் விசில் பறக்கிறது.

அதோடு விட்டானா? வானொலிப் பேட்டியில், "இதெல்லாம் எங்கேருந்து சார் பிடிக்கிறீங்க?" என்று கேட்டதற்கு, "எல்லாம் சொந்த அனுபவம்தாங்க" என்று சொல்லிவிட்டுக் கெக்கெக்கே என்று சிரித்தான். கேட்டுக்கொண்டிருந்த அவள் ரேடியோவைப் பட்டென்று அணைத்தாள்.

உண்மையில் நடந்தது வேறு. இரண்டு முறை மட்டுமே பார்த்துப் பேசிக் கட்டிக்கொண்ட ஆள் அவன். தேன்நிலவுக்குப் போன விடுதியில், மத்தியானம், அவன் அறைக்கதவைச் சாத்தியதும் அவளுக்குப் பயம் பிடித்துக்கொண்டது. முகம் கழுவிவிட்டு வருகிறேன் என்று போனவள் வரவேயில்லை. உள்ளே வாளியைக் கவிழ்த்துப் போட்டு அதன்மேல் உட்கார்ந்துவிட்டாள். அவன் ஒரே ஒரு தடவை தட்டினான். பிறகு கதவுக்கு வெளியே தரையில் உட்காரும் சத்தம் கேட்டது.

"இங்க ஒரு பழைய பேப்பர் கிடக்கு. படிக்கவா?" என்றான்.

வெங்காய விலையைப் படித்தான். காணாமல் போன நாயைத் தேடும் விளம்பரத்தைப் படித்தான். யாரோ ஒரு மந்திரி திறந்துவைத்த பாலத்தின் நீள அகலத்தைப் படித்தான். வெயில் இறங்கும்வரை படித்தான். குரல் கட்டிப்போய், "எள் விலையில் மாற்றமில்லை" என்று அவன் கரகரத்தபோது அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. தாழ்ப்பாளைத் தானே நீக்கினாள். கல்யாணத்தன்றுகூட அவன் அவளுக்கு யாரோதான். அந்தச் சாயங்காலத்தில்தான் புருஷன் ஆனான்.

அவன் செய்த காரியங்களில் நாலு பேரிடம் நெஞ்சை நிமிர்த்திச் சொல்லக்கூடியது அது ஒன்றுதான். அதைப் போய் இப்படி நாசம் பண்ணி வைத்திருந்தான்.

"நான் என்ன பண்ணட்டும்? முதல்ல நடந்தபடிதான் எழுதிக் கொடுத்தேன்" என்றான் அவள் கேட்டபோது. "காத்துக்கிட்டு உக்காந்திருக்கிறதுக்கு யார்யா ஆடுவான்னு டைரக்டர் தூக்கிப் போட்டுட்டாரு."

"சரி, சினிமாவுல உடைச்சீங்க. ரேடியோவுல எதுக்கு உடைச்சீங்க?"

"ஒரு தமாஷுக்குச் சொன்னது. ஊரே ரசிக்குதுல்ல?"

"ஊருக்கென்ன, ரசிக்கும். உள்ள உக்காந்திருந்தது நான்தானே?"

அவன் துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு குளிக்கப் போய்விட்டான். உள்ளே போனதும் தாழ்ப்பாள் போடும் சத்தம் கேட்டது.

அவன் தங்கைக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. அதிர்ந்து பேசத் தெரியாத பெண். ஒருநாள் கண்ணாடிக் கடைக்கே வந்து நின்றாள்.

"அண்ணி, ஒண்ணு கேட்டா தப்பா எடுத்துக்க மாட்டீங்களே? அண்ணன் நிஜமாவே கதவை உடைச்சாரா?"

"உங்க அண்ணனா? பாட்டில் மூடி இறுகிட்டாலே என்னைக் கூப்பிடுற ஆளு!" என்று நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னாள்.

நாத்தனார் சிரித்தாள். ஆனால் சிரிப்பு நிலைக்கவில்லை. "எனக்குப் பார்த்திருக்கிறவரு ஃபோன் பண்ணும்போதெல்லாம் அந்தப் பாட்டைத்தான் பாடுறாரு அண்ணி. விளையாட்டுக்குத்தான். ஆனா எனக்குப் பயமா இருக்கு. அவரு எப்படிப்பட்டவர்னு எனக்கு இன்னும் பிடிபடல. கல்யாணத்துக்கு அப்புறமா தெரிஞ்சு என்ன பிரயோஜனம்?"

அவளுக்குப் புருஷன் மேல் வந்த ஆத்திரத்தில் அன்று ஒரு புதுச் சட்டத்தை நெளித்து ஒடித்தே விட்டாள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மாமியார் வீட்டில் விருந்து. மாப்பிள்ளை இரண்டு சிநேகிதர்களோடு வந்திருந்தான். நல்ல வேலை, நல்ல சட்டை, வாய் நிறையச் சிரிப்பு. சாப்பிட்டு முடித்ததும் நாத்தனார் கை கழுவ எழுந்து கூடத்தை ஒட்டியிருந்த குளியலறைக்குள் போனாள். மாப்பிள்ளை சிநேகிதர்களைப் பார்த்துக் கண்ணடித்துவிட்டு, பின்னாலேயே போய்க் கதவில் விரல் முட்டியால் தாளம் போட்டான். தட்டுவேன், தட்டுவேன். சிநேகிதர்கள் மேசையில் கரண்டியால் கூடச் சேர்ந்துகொண்டார்கள். மாமியார் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினாள். இவள் புருஷன் என்ன செய்தான் தெரியுமா? "அங்க இல்ல மாப்ள, அரை அடி தள்ளி எடுக்கணும்" என்று தாளத்தைத் திருத்திக் கொடுத்தான்!

உள்ளே குழாய்ச் சத்தம் நின்றது. தாழ்ப்பாள் திறக்கவில்லை.

"முட்டட்டுமா மச்சான்?" என்று மாப்பிள்ளை கதவில் தோளைச் சாய்த்தான்.

அவள் எழுந்தாள். "போதும் தம்பி, நிறுத்துங்க. இவரு எந்தக் கதவையும் உடைக்கல. வெளிய தரையில உக்காந்து வெங்காய விலை படிச்சாரு. பொழுது சாயற வரைக்கும் படிச்சாரு."

சிநேகிதர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். "வெங்காய விலையா! அவ்வளவுதானா மச்சான் நீங்க?" என்றான் மாப்பிள்ளை.

அவள் புருஷனுக்குக் காது மடல் சிவந்தது. "சும்மா சொல்றா மாப்ள. முட்டின முட்டுல எனக்குத் தோளே இறங்கிப் போச்சு."

வானொலியில் அளந்த பொய்யைக்கூட அவள் பொறுத்திருப்பாள். அன்றைக்குக் காட்டிய நல்ல மனசுக்கு இன்றைக்கு வெட்கப்படுகிறானே, இதை எப்படிப் பொறுப்பது?

"அப்படியா? அப்ப எழுந்து வாங்க" என்றாள். "இதோ கதவு. உள்ள இருக்கிறது உங்க தங்கச்சி. முட்டிக் காட்டுங்க."

கரண்டிச் சத்தம் நின்றது. மாமியார் வாயிலிருந்து கையை எடுத்தாள். அவன் எழுந்து வந்தான். கதவைப் பார்த்தான். மாப்பிள்ளையின் தோள்மேல் கை வைத்து, "கொஞ்சம் தள்ளிக்குங்க" என்றான். பிறகு கதவிடம் பேசினான்.

"நான் உடைக்கலம்மா. அண்ணி சொன்னதுதான் நிஜம். கைதட்டலுக்கு ஆசைப்பட்டுப் பொய் எழுதிட்டேன். வெளிய வந்துடு."

"அது எனக்குத் தெரியும்ணா. அண்ணி அப்பவே சொல்லிட்டாங்க." உள்ளேயிருந்து வந்த குரல் மெல்லியதுதான். ஆனால் ஒவ்வொரு வார்த்தையும் கூடம் முழுக்கக் கேட்டது. "உங்களுக்காக நான் உள்ள இருக்கல. அவரு என்ன பண்ணப் போறாருன்னு எனக்குத் தெரியணும்."

எல்லோரும் மாப்பிள்ளையைப் பார்த்தார்கள். மாப்பிள்ளை சிநேகிதர்களின் முகத்தைப் பார்த்தான்.

அவள் ஒரு நாற்காலியை இழுத்து வந்து, கதவுக்குக் குறுக்கே போட்டு உட்கார்ந்தாள்.

"நல்லா யோசிச்சு சொல்லுங்க தம்பி" என்றாள். "இங்க யாருக்கும் அவசரமில்ல."