தோற்க வந்தவன்

அடி வாங்குவதுதான் அவன் பிழைப்பு. புதிதாக மேடையேறும் குத்துச்சண்டைப் பையன்களின் கணக்கில் நாலு வெற்றி சேர வேண்டுமென்றால் அவனைத்தான் கூப்பிடுவார்கள். பையனின் கைக்கு நன்றாக வேலை கொடுப்பான், கடைசிவரை தாக்குப்பிடிப்பான், தோற்றுவிட்டுக் கைகுலுக்கிவிட்டுப் போவான். எத்தனை குத்தினாலும் தாங்குகிறான் என்று மெத்தை என்றே அவனுக்குப் பெயர் விழுந்துவிட்டது. ஜெயிக்கிற மெத்தையை எவன் கூப்பிடுவான்?

"மூஞ்சியக் காட்டாதீங்க, வயித்துல வாங்கிக்கங்க," என்று சொல்லித்தான் நிறைமாத மனைவி வழியனுப்பினாள். "போன தடவை உங்களப் பாத்துப் பெரியவ கட்டிலுக்கு அடியில போய் ஒளிஞ்சுக்கிட்டா."

அன்றைய போட்டியின் இரண்டாவது ரவுண்டில் பையன் கண்மண் தெரியாமல் பாய்ந்தான். அவனைத் தடுக்கத்தான் மெத்தை இடது கையை நீட்டினான். பையன் தாடையை நேராக அதில் கொண்டுவந்து கொடுத்துவிட்டுச் சரிந்தான்.

நடுவர் எண்ணத் தொடங்கினார்.

"எந்திரிடா தம்பி! கயித்தப் புடி!" மெத்தை குனிந்து கத்தினான்.

"நீ மூலைக்குப் போய்யா!" என்று நடுவர் அதட்டினார்.

எட்டு என்றபோது பையன் எழுந்தான். மெத்தைக்குப் போன உயிர் திரும்பி வந்தது. ஓடிப்போய் அவன் முன்னால் நின்றான்.

"அடிடா."

"எங்கண்ணே இருக்கீங்க?"

"உன் மூக்குக்கு முன்னாலதான்டா. அடி!"

பையனின் கை தோளில் பட்டும் படாமலும் உரசியது. இதுதான் சமயமென்று மெத்தை பொத்தென்று விழுந்தான்.

"இதுக்கெல்லாம் எண்ண மாட்டேன். எந்திரி," என்றார் நடுவர்.

எழுந்தவன் மேலேயே பையன் சாய்ந்தான். மெத்தை இரண்டு கையாலும் அவனை இறுக அணைத்துக்கொண்டான். கீழேயிருந்து போட்டி நடத்துபவர் கத்தினார்: "பாவி! அவன ஆளாக்க ஒரு வருஷம் பாடுபட்டேனே! இனிமே என் வாசப்படி மிதிச்சுடாத!"

"கை தானாப் போயிடுச்சுங்க மொதலாளி!"

நடுவர் இருவருக்கும் இடையில் தோளை நுழைத்தார். "விடுய்யா. நீ ஜெயிச்சுட்ட."

"இல்ல சார். நல்லா நிக்கிறான், பாருங்க. மணி அடிக்கிற வரைக்கும் விடுங்க சார், உக்காந்து தண்ணி குடிச்சா தெளிஞ்சுடுவான்."

பையனின் தலை அவன் கழுத்தில் துவண்டு கிடந்தது. நடுவர் மெத்தையின் இடது கையைப் பிரித்தெடுத்து மேலே தூக்கினார். வலது கையால் அவன் இன்னும் பையனைக் கீழே விழாமல் தாங்கிக்கொண்டிருந்தான்.