தண்டாயுதபாணி நடந்துவிட்டார்

நல்லூர் பேக்கரி வாசலில் நின்றுகொண்டு தேங்காய் பன் சாப்பிடுகிற மனிதரைப் பார்த்ததும் விஜயராணி ஸ்கூட்டியை ஓரம் கட்டினாள். பன் சாப்பிட்டதில் தப்பில்லை, அவருக்குச் சர்க்கரை கிடையாது. நின்றதுதான் தப்பு. பக்கவாதம் வந்து எழுந்திருக்க மாட்டாமல் கிடக்கிறவர் என்று, முந்தின நாள்கூட அவர் காலைத் தூக்கித் தலையணைமேல் வைத்துவிட்டு வந்தவள் அவள்.

சாத்தூர்ப் பக்கத்திலிருந்து பிழைக்க வந்து, பனியன் கம்பெனியில் துணி செக்கிங் பார்த்தவள் விஜயராணி. இப்போது சுகாதார நிலையத்து வேலை. வீடு வீடாகப் போய் பிரஷர் பார்ப்பாள், மாத்திரை கொடுப்பாள், படுக்கையில் கிடப்பவர்களுக்குப் பயிற்சி கொடுக்க பிசியோதெரபிஸ்ட் சரவணக்குமாரைக் கூட்டிப்போவாள்.

தண்டாயுதபாணியும் அவளைப் பார்த்துவிட்டார். ஓடுவதா உட்காருவதா என்று யோசித்தார். இரண்டும் சரிப்படாது என்று தெரிந்ததும் பக்கத்தில் நின்ற பைக்கில் சாய்ந்து, இடது காலை லேசாக இழுத்துக்கொண்டார்.

"உங்களுக்கு விழுந்தது வலது காலு," என்றாள் விஜயராணி.

அவர் காலை மாற்றிக்கொண்டார். "வா கண்ணு. டீ சொல்லட்டுமா?"

"எம்புட்டு நாளா நடக்கீங்க?"

"அது ஆச்சு, மாரியாத்தா நோம்பிக்கு முந்தியே." கையிலிருந்த பன்னை என்ன செய்வதென்று தெரியாமல் ஒரு கடி கடித்தார். "நடந்துட்டன்னு சொன்னா நீ வருவியா? அந்தச் சரவணக்குமார் தம்பிதான் வருமா? மகனும் மருமகளும் வெடியால கம்பெனிக்குப் போனா பொழுது சாஞ்சுதான் ஊட்டுக்கு வாராங்க. நாள் பூரா டிவி ஓடுது. நாம ஒண்ணு கேட்டா அதுல ஒருத்தனும் பதில் சொல்ல மாட்டேங்கறான்."

திட்டத்தான் விஜயராணி வண்டியை நிறுத்தியிருந்தாள். அரசாங்கத் திட்டத்தில் காலுக்கு ஆள் அனுப்புகிறார்கள், வாய்க்கு ஆள் அனுப்புவதில்லை. அது அவளுக்கும் தெரியும். இருந்தாலும் விடவில்லை.

"ரெண்டு தெரு தள்ளி வெள்ளையம்மான்னு ஒரு பெரியம்மா பாத்ரூம்ல விழுந்து இடுப்புல ஆபரேசன் பண்ணிக் கெடக்கு. உங்களுக்குக் குடுக்குற நேரம் காலியானாத்தான் சரவணக்குமார் சார் அங்க போவாரு."

அவர் மெல்லுவதை நிறுத்தினார். "அது எனக்குத் தெரியாதே கண்ணு."

"இப்பத் தெரிஞ்சிருச்சுல்ல. நடந்துருங்க."

"திடீர்னு நடந்தா சந்தேகப்படுவாங்க. பைய நடக்கறேன்."

சரவணக்குமாரிடம் உண்மையைச் சொல்லிவிடலாமா என்று அவள் நினைத்ததுண்டு. ஆனால் படித்து முடித்து முதன்முதலாக வேலைக்கு வந்த பையன், இந்த ஒரு காலை நினைத்தே இளைத்துப்போயிருந்தான். "சதையெல்லாம் நல்லாத்தான் இருக்குக்கா. ஏன் நடக்க மாட்டேங்கறாருன்னே தெரியல. பேசாம மடத்துக்குளம் போய் அப்பாகூடத் தோப்பைப் பாக்கலாம்னு இருக்கேன்," என்று புலம்பிக்கொண்டிருந்தான். அவனுக்கும் ஒரு சந்தோஷம் இருக்கட்டுமே என்று வாயை மூடிக்கொண்டாள்.

அடுத்த முறை அவர்கள் போனபோது சுகாதார நிலையத்து டாக்டர் சித்ராதேவியும் ஜீப்பில் கூட வந்துவிட்டார். தண்டாயுதபாணி கட்டிலைப் பிடித்தார், சுவரைப் பிடித்தார், கடைசியில் சரவணக்குமாரின் தோளைப் பிடித்தார். முக்கி முனகி ஓர் அடி வைத்தார். சரவணக்குமாருக்குக் கண் கலங்கிவிட்டது. டாக்டர் கை தட்டினார். அந்தக் கைதட்டல்தான் கெடுத்தது. வாசல்வரை என்று விஜயராணியிடம் பேசிவைத்திருந்தவர் படியிறங்கி, முற்றம் தாண்டி, ஜீப் போவதற்காக கேட்டையும் திறந்துவிட்டார்.

"ஐயா, போதும்," என்றாள் விஜயராணி பல்லைக் கடித்துக்கொண்டு.

"இவரை எல்லாரும் பாக்கணும்," என்றார் சித்ராதேவி.

அதன்பிறகு எங்கே மருத்துவ முகாம் நடந்தாலும் தண்டாயுதபாணியை ஜீப்பில் ஏற்றிப் போனார்கள். சக்கர நாற்காலியில் உட்கார்த்தி வைப்பார்கள், பேர் சொன்னதும் எழுந்து நடப்பார். பக்கத்திலிருக்கும் ராயபுரத்தில் ஜனம் வாயைப் பிளந்தது. "தம்பி தொட்டதும் காலுக்குள்ள கரண்டு ஓடுச்சுங்க," என்று மைக்கில் சொன்னார். போகப்போக மேடைப் பேச்சு அவருக்கே அலுத்தது. தெருவில் போகிறவர்கள்கூட நிறுத்தி, "எங்க, ஒருக்கா நடந்து காட்டுங்க," என்று கேட்க ஆரம்பித்தார்கள்.

இதற்கிடையில் வெள்ளையம்மாள் எழுந்து நிற்கவே மாட்டேன் என்று பிடிவாதம் பிடித்தாள். விழுந்த பயம் போகவில்லை. சரவணக்குமார் மறுபடியும் தோப்புப் பேச்சை எடுத்தான். தண்டாயுதபாணி வந்து நடந்து காட்டினால் தைரியம் வரும் என்று சரவணக்குமார் அவரை அழைத்துவந்தான். அவரும் நாற்காலியிலிருந்து வழக்கம்போல நடுங்கி நடுங்கி எழுந்தார்.

வெள்ளையம்மாள் தலையணையிலிருந்து கழுத்தைத் தூக்கிப் பார்த்தாள். "இவரையா படுத்துக் கெடந்தாருன்னு சொல்லுதீக? நான் விழுறதுக்கு முந்தியே என் சன்னலத் தாண்டி தெனமும் விறுவிறுன்னு பேக்கரிக்குப் போவாரே."

சரவணக்குமார் விஜயராணியைப் பார்த்தான். விஜயராணி மாத்திரைப் பையைப் பார்த்தாள்.

"எப்பருந்துங்கய்யா?" என்றான் அவன்.

"நீங்க வர ஆரம்பிச்சு மூணாவது வாரமே நடந்துட்டனுங்க தம்பி. மன்னிச்சுக்கோணும்."

அவன் சத்தம் போடுவான் என்று விஜயராணி காத்திருந்தாள். அவனோ கொஞ்சநேரம் விரலை மடக்கி என்னவோ கணக்குப் போட்டான். "மூணாவது வாரமா?" என்றான். பிறகு மறுபடியும், "மூணே வாரத்துலயா?" அவன் முகத்தில் அப்படியொரு வெளிச்சத்தை அவள் கண்டதில்லை. தோப்புப் பேச்சு அன்றோடு நின்றது.

"மூணு வாரத்துல நடக்க வச்சிருவியா?" என்றாள் வெள்ளையம்மாள். "அப்ப என்னையப் பிடி, பாப்போம்."

மறுநாள் விஜயராணி சித்ராதேவியிடம் போய் எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள். வேலை போய்விடும் என்று மதியச் சாப்பாட்டைக்கூடத் தொடாமல் போயிருந்தாள். கேட்டுவிட்டு டாக்டர் பேனாவைத் திறந்தார்.

"அவரை மாதிரி இன்னும் யாராவது இருக்காங்களா?"

"நடக்க முடிஞ்சும் பேச ஆளில்லாதவங்களா மேடம்? தெருவுக்குத் தெரு இருக்காங்க."

"அதுக்கு நம்மகிட்ட மருந்து கெடையாதே விஜயா." சொல்லிவிட்டு எழுந்து, தடுப்பூசி போடாத நாட்களில் சும்மா கிடக்கும் ஹாலைத் திறந்து பார்த்தார். "வியாழக்கிழமை இங்க வந்து உட்காரச் சொல்லுங்க. சத்தம் போடாம இருக்கணும்."

வந்தார்கள். சத்தம் போடாமல் இருக்கவில்லை. மின்விசிறிக்குக் கீழே யார் உட்காருவது என்பதில் முதல் நாளே தகராறு. வாக்கரைத் தள்ளிக்கொண்டு வந்த வெள்ளையம்மாள் தண்டாயுதபாணியை எழுப்பிவிட்டு அந்த இடத்தில் உட்கார்ந்தாள். இரண்டு பேரும் உரக்கச் சண்டை போட்டார்கள், வேறு யாரையும் அதில் பேசவிடவில்லை. நோயாளிக்கு நெஞ்சில் ஸ்டெதாஸ்கோப் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்த சித்ராதேவி, அந்தச் சத்தத்தில் ஒன்றும் காதில் விழாமல் எழுந்து வந்தார்.

"இது ஆஸ்பத்திரி. தெரியுதா இல்லியா?"

தண்டாயுதபாணி தன் நாற்காலியை அவர் பக்கம் நகர்த்திவைத்தார். "வெடியாலருந்து நின்னுட்டே இருக்கீங்க டாக்டரம்மா. செத்த நேரம் உக்காருங்க. ஞாயத்த நீங்களே சொல்லுங்க."

சித்ராதேவி கைக்கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு உட்கார்ந்தார். வெளியே பெஞ்சில் காத்திருந்தவர்கள் டாக்டர் எங்கே என்று கேட்க, "உள்ள ஒரு அவசர கேசு, இந்தா வந்துருவாங்க," என்று விஜயராணி சமாளித்துக்கொண்டிருந்தாள். உள்ளேயிருந்து டாக்டர் சிரிக்கிற சத்தம் கேட்டதும், போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தாள்.