ஆமை மேஜரின் மூன்று விரல்

இருபத்திரண்டு வருஷம் கண்ணிவெடி தோண்டி எடுத்த மனுஷன். ஆயிரத்துக்கும் மேல் எடுத்திருப்பார், ஒன்றுகூட அவர்மேல் ஒரு கீறல் போட்டதில்லை. கடைசியில் இடது கையின் இரண்டு விரல்களைக் கொண்டுபோனது எது தெரியுமா? சொந்த ஜீப்பின் விசிறி. என்ஜின் ஓடிக்கொண்டிருக்கும்போது, உள்ளே விழுந்த துணியை எடுக்கக் கையை விட்டார். மோதிர விரலும் சுண்டு விரலும் போயின. யானைக்கும் அடி சறுக்கும் என்பார்கள், இங்கே ஆமைக்குச் சறுக்கியது.

ஆமை என்பது மேஜருக்குப் படையாட்கள் வைத்த பெயர். வெடி புதைந்த நிலத்தில் ஒரு முழம் நகர அவருக்குக் கால் மணி நேரமாகும். கிரிக்கெட்டில் அதைவிட மோசம். அவர் மட்டையோடு இறங்கினால் எதிரணிக்காரர்கள் ஊருக்குக் கடிதம் எழுதி முடித்துவிடலாம். முகத்துக்கு நேரே அந்தப் பெயரைச் சொல்லும் துணிச்சல் அவர் மனைவிக்கு மட்டும்தான் உண்டு.

விரல் போனதை அவர் பெரிதாக நினைக்கவில்லை. அடுத்த மாதம் அவருடைய பிரிவு புது இடத்துக்குக் கிளம்புகிறது. அங்கே ஒரு பள்ளிக்கூடத்தைச் சுற்றி வெடி புதைந்து கிடக்கிறது, மூன்று வருஷமாகப் பூட்டிய பள்ளிக்கூடம். அவரும் போக வேண்டுமானால் மருத்துவக் குழு ‘தகுதி’ என்று எழுத வேண்டும். முதல் சோதனையில் பிடியின் வலுவை அளக்கும் ஒரு கருவியைக் கொடுத்து இடது கையால் அமுக்கச் சொன்னார்கள். முகம் சிவக்க அமுக்கினார், முள் சிவப்புக் கோட்டைத் தொடவில்லை. குழுவின் தலைவர் கர்னல் டாக்டர், “திங்கட்கிழமை இன்னொரு தடவை பார்ப்போம் மேஜர்” என்றார். அன்றும் ஏறாவிட்டால் தலைமையகத்தில் ஒரு மேஜை, ஒரு ரப்பர் முத்திரை. ஓய்வு பெறும்வரை டொக்கு டொக்கு என்று குத்திக்கொண்டிருக்க வேண்டியதுதான். அதை நினைத்தாலே அவருக்குச் சோறு இறங்கவில்லை.

இதில் இன்னொரு கூத்து. அந்தத் திங்கட்கிழமைக்கு முந்தின நாள், ஞாயிற்றுக்கிழமை, மேஜரின் பொறியாளர் படைக்கும் ராணுவ ஆஸ்பத்திரிக்கும் வருஷாந்திர கிரிக்கெட். ஆஸ்பத்திரியின் விக்கெட் கீப்பர் யார் என்கிறீர்கள்? அதே கர்னல்.

“வேண்டாங்க,” என்றாள் மனைவி. “அந்த மனுஷன் உங்க பின்னாடியே நின்னு கையைத்தான் பார்ப்பாரு. மட்டை நழுவிச்சுன்னா திங்கட்கிழமை வரைக்கும்கூட காத்திருக்க மாட்டாரு.”

“பார்க்கட்டுமே. ஒளிச்சு வச்சா விரல் முளைச்சிடுமா?”

“ஆமைக்குப் புத்தி சொல்ல என்னால ஆகாது.” முணுமுணுத்துக்கொண்டே தையல் பெட்டியை எடுத்தாள். கிரிக்கெட் கையுறையில் காலியாகத் தொங்கிய இரண்டு விரல்களை மடித்து, இறுக்கித் தைத்துக் கொடுத்தாள். அவர் போட்டுப் பார்த்துவிட்டு எழுந்து போனபிறகும் பெட்டியை மூடாமல் எதையோ தைத்துக்கொண்டிருந்தாள்.

ஆட்டத்தன்று ஆஸ்பத்திரி நூற்று நாற்பத்து மூன்று ரன் எடுத்தது. ஆறு வருஷமாக அவர்களே ஜெயித்து, கோப்பையில் பஞ்சும் கத்தரிக்கோலும் போட்டு வைக்கிற அளவுக்குத் திமிர் ஏறியிருந்தது. பொறியாளர்கள் முப்பதுக்கு மூன்று விக்கெட் இழந்தபோது மேஜர் இறங்கினார். எதிரே பந்து வீசியவர் பல் டாக்டர். பல்லை மட்டுமல்ல, ஸ்டம்பையும் வேரோடு பிடுங்குவார்.

கையில் வலு இருக்கிறது என்று கர்னலுக்குக் காட்ட வேண்டும் என மேஜருக்கு ஒரு வீம்பு. முதல் பந்துக்கே மட்டையை ஓங்கி வீசினார். பந்து அது பாட்டுக்குப் போய்விட்டது. மட்டை கையை விட்டுப் பறந்து அம்பயர் காலடியில் விழுந்தது. கர்னல் நடந்துபோய் அதை எடுத்துவந்து கொடுத்தார். கொடுக்கும்போது அவர் கண் மேஜரின் இடது கைமேலேயே இருந்தது.

முட்டாளே, என்று தன்னையே திட்டிக்கொண்டார். கண்ணிவெடியிடம் எவனாவது பலத்தைக் காட்டுவானா?

அதோடு வீம்பை மூட்டை கட்டினார். மண்ணைக் குத்திப் பார்க்கும் கம்பியை எப்படிப் பிடிப்பாரோ, அப்படியே கட்டைவிரலும் இரண்டு விரலுமாக மட்டையின் மேல்பிடியைப் பிடித்தார். பந்து வந்தது, மட்டையைத் தொட்டது, தொட்ட இடத்திலேயே அடங்கியது. ஒன்றும் இரண்டுமாகச் சேர்த்தார். மறுமுனையில் அவருடைய சார்ஜென்ட் வெளுத்து வாங்கினார்.

“எனக்குத் தூக்கம் வருது மேஜர்,” என்றார் கர்னல்.

“தூங்குங்க சார், ஜெயிச்சதும் எழுப்பி விடறேன்.”

நூற்று முப்பத்தாறில் வந்தது வினை. சார்ஜென்ட் பந்தைத் தட்டிவிட்டு ஓடிவர, ஆபத்தைப் பார்த்த மேஜர் “நில்!” என்று கத்திவிட்டார். வேறு யாராக இருந்தாலும் திரும்பி ஓடியிருப்பார்கள். ஆனால் கண்ணிவெடிக்காரர்களுக்கு அந்தச் சொல் காதில் விழுந்தால் தூக்கிய காலைக்கூடக் கீழே வைக்கக் கூடாது. சார்ஜென்ட் ஆடுகளத்தின் நடுவே ஒற்றைக் காலில் அப்படியே நின்றார். ஆஸ்பத்திரி ஆள் சாவகாசமாக நடந்துவந்து ஸ்டம்பைத் தட்டினார்.

“திரும்பி ஓட வேண்டியதுதானேப்பா?”

“நில்லுன்னா நிக்கணும்னு நீங்கதானே சார் பதினாலு வருஷமா சொல்லித் தர்றீங்க?”



அடுத்து வந்தவர்களும் நிலைக்கவில்லை. கடைசி ஆளாக முகாம் சமையல்காரர் வந்தார். இரண்டு பேரும் திக்கித் திணறிச் சமநிலைக்குக் கொண்டுவந்தபோது ஒரே ஒரு பந்து பாக்கி. வேண்டியது ஒரே ஒரு ரன்.

மேஜர் மறுமுனைக்கு நடந்துபோனார். “நான் வாயே திறக்க மாட்டேன். பந்து பல் டாக்டர் கையை விட்டதும் கண்ணை மூடிட்டு ஓடி வந்துடுங்க.”

“நீங்க அவுட் ஆயிட்டா சார்?”

“அப்படியே சமையலறைக்கு ஓடிடுங்க.”

பல் டாக்டர் அன்றைய நாளின் மிக வேகமான பந்தை வீசினார். மேஜர் அடிக்கவில்லை. மூன்று விரல்களையும் தளர்த்தி மட்டையைச் சும்மா காட்டினார். பந்து சத்தமே இல்லாமல் அவர் காலடியில் விழுந்து, செத்ததுபோல் கிடந்தது. ஓடிவந்த வேகத்தில் பல் டாக்டர் அதைத் தாண்டிப் போய்விட்டார். ஸ்டம்புக்குப் பின்னால் தள்ளி நின்ற கர்னல் பாய்ந்து வந்து எடுத்து எறிந்தார், குறி தப்பியது. ஆமை ஓடி அன்றுதான் எல்லோரும் பார்த்தார்கள். படையாட்கள் அவரைத் தோளில் தூக்கிக்கொண்டு மைதானத்தைச் சுற்றினார்கள். யாரோ கோப்பையிலிருந்த பஞ்சைக் கொட்டினார்கள். மேஜர் சின்னப் பிள்ளைபோல் சிரித்தார். சிரிப்பினூடே கர்னலைத் தேடினார். கர்னல் அந்தப் பந்து விழுந்த இடத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்.

மறுநாள் காலை மேஜர் கருவியை அமுக்கினார். முள் அதே இடத்தில் நின்றது.

கர்னல் கருவியை ஓரமாகத் தள்ளினார். “கம்பியை எந்தக் கையில பிடிப்பீங்க?”

“இதே கைதான் சார். மூணு விரல்தான் எப்பவுமே. மத்த ரெண்டும் சும்மா ஒட்டிட்டு இருந்துச்சு.”

கர்னல் தலையசைக்க, நர்ஸ் ஒரு தட்டு நிறைய மணல் கொண்டுவந்து வைத்தார். “இதுக்குள்ள அஞ்சு ஊசி மருந்துக் குப்பி இருக்கு. முட்டை ஓட்டைவிட மெல்லிசான கண்ணாடி. ஒண்ணு கீறல் விட்டாலும் உங்களுக்கு மேஜைதான்.”

மேஜர் கம்பியை வாங்கினார். முக்கால் மணி நேரம். குழுவிலிருந்த இன்னொரு டாக்டர் இரண்டு தடவை கொட்டாவி விட்டார். ஐந்து குப்பியும் முழுசாக மேஜைமேல் வரிசையில் நின்றன.

“நேத்து நான் பின்னாடி நின்னு காதைத் தீட்டிட்டு இருந்தேன்,” என்றார் கர்னல், பேனாவைத் திறந்துகொண்டே. “அவ்வளவு வேகமான பந்து, மட்டையில சத்தமே வரல. அப்பதான் புரிஞ்சுது, நாங்க தப்பான சோதனை வச்சிருக்கோம்.” பெரிய எழுத்தில் ‘தகுதி’ என்று எழுதினார். “அடுத்த வருஷ ஆட்டத்துக்கு வந்து சேருங்க. அந்தக் கோப்பை எங்களுக்கு வேணும்.”

வராந்தாவில் மனைவி உட்கார்ந்திருந்தாள். அவர் முகத்தைப் பார்த்ததும் ஒன்றும் கேட்காமல் கைப்பையைத் திறந்து ஒரு ஜோடி கையுறையை எடுத்து நீட்டினாள். கண்ணிவெடி வேலைக்கு அவர் போடுகிற கனத்த கையுறை. இடது கையில் இரண்டு விரல்கள் மடித்து இறுக்கித் தைக்கப்பட்டிருந்தன.

“இதை எப்ப தைச்ச?”

“கிரிக்கெட் கையுறை தைச்ச அன்னைக்கே. நூல் மிச்சம் இருந்துச்சு.”