தலையில் பாதுகை, கையில் படிவம்

சுரேஷ்பாபு மரியாதை கொடுக்க ஆரம்பித்தால் வீட்டுக் கதவைச் சாத்திக்கொள்ள வேண்டும் என்பது விஜயபுரம் மண்டலத்தில் எல்லோருக்கும் தெரியும். "ஏய் சென்னம்மா" என்று பத்து வருடம் களை பறிக்கக் கூப்பிட்டவர், வியாழக்கிழமை காலை அவளுடைய வாசலில் காரை நிறுத்தி, "சர்பஞ்ச் காரு இருக்காங்களா?" என்று கேட்டார்.

ஊராட்சித் தலைவியான சர்பஞ்ச் காரு மீன் கழுவிக்கொண்டிருந்தாள்.

"சனிக்கிழம நம்ம மண்டலத்து சர்பஞ்சுங்க எல்லாம் அலிபிரிலேர்ந்து திருமலைக்கு நடக்கறோம். தர்ம பாதயாத்திரை. நீங்க இல்லாம எப்படி? வண்டி நம்ம வண்டி, டிபன் நம்ம டிபன். வந்துடணும் அம்மா."

பின்சீட்டில் அவர் மனைவி ஸ்வர்ணலதா உட்கார்ந்திருந்தாள். வாசலில் நின்றவளைப் பார்க்காமல், கார்க் கண்ணாடியில் ஒட்டியிருந்த தன் கணவரின் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். படத்துக்குக் கீழே 'தர்ம ரக்ஷகர்' என்று தங்க எழுத்தில் போட்டிருந்தது. அந்தப் பட்டத்தை யார் கொடுத்தார்கள் என்று விசாரித்துக்கொண்டு போனால் ஃப்ளெக்ஸ் அடித்த கடைக்காரர் வரைக்கும் போகலாம். அதற்கு மேல் வழி இல்லை.

ஆதாரிலும் ரேஷன் கார்டிலும் சாதிச் சான்றிதழிலும் சர்பஞ்சின் பெயர் சென்னம்மா, மதம் இந்து. ஞாயிற்றுக்கிழமை, மிஷன் காலத்துச் சர்ச்சில் எலிசா. காலனியில் பாதிப் பேருக்கு இப்படி இரண்டு பெயர். சர்க்கார் ஒன்றைச் சொல்லிக் கூப்பிடும், சாமி இன்னொன்றை. இரண்டு பேரும் ஒரே நேரத்தில் கூப்பிடாத வரைக்கும் தொல்லை இல்லை.

இப்போது கூப்பிட்டுவிட்டார்கள். கிறிஸ்தவர் என்று ஆகிவிட்டால் எஸ்.சி. சான்றிதழ் செல்லாது. சான்றிதழ் செல்லாவிட்டால் எஸ்.சி. பெண்களுக்கு ஒதுக்கிய சர்பஞ்ச் நாற்காலியும் செல்லாது. தன் பண்ணையாளின் மனைவியை எலிசாவுக்கு எதிராக நிறுத்தி முப்பத்தேழு ஓட்டில் தோற்ற சுரேஷ்பாபு, இதைச் சொல்லித்தான் கலெக்டரிடம் மனு கொடுத்திருந்தார். திங்கட்கிழமை விசாரணை. எலிசாவின் நாற்காலி போனால், உப சர்பஞ்சாக இருக்கும் அவர் மச்சான் அதில் உட்காருவார். இத்தனை வருடம் கழித்துப் போன மாதம்தான் காலனிப் பக்கம் திரும்பிய குடிநீர்க் குழாய், மறுபடி மச்சானின் மாந்தோப்புக்குத் திரும்பும்.

எலிசாவின் புருஷன் ஆசிர், திருச்சானூருக்கும் திருப்பதிக்கும் ஷேர் ஆட்டோ ஓட்டுகிறவன். ஆட்டோவின் முன்பக்கம் பத்மாவதித் தாயார், உள்பக்கம் சின்னச் சிலுவை. தாயார் சவாரி பிடித்துக் கொடுப்பார், ஏசு பிரேக்கைப் பார்த்துக்கொள்வார் என்பது அவனுடைய நிர்வாக ஏற்பாடு.

"மலைக்குப் போறதுல இன்னா எலிசா? சின்ன வயசுல உனக்கு அங்கதான மொட்ட போட்டாங்க?"

"போறதுல ஒன்னியும் இல்லய்யா. வேற மதத்துக்காரங்க மேல போனா ஒரு தாள்ல கையெழுத்துப் போடணுமில்ல? 'நான் இன்ன மதம், ஆனாலும் சாமி மேல நம்பிக்க கீது'ன்னு. போட்டா, திங்கக்கிழம அதையே எடுத்துக்கினு போயி நீட்டுவாரு. போடாம உள்ள போனா, ஏசுவ மறுதலிச்சிட்டேன்னு பாஸ்டரு திருவிருந்து குடுக்க மாட்டாரு. போவவே இல்லன்னா, பாத்தீங்களா, பெருமாளுக்கே வரமாட்டேன்றான்னு வீடியோ போடுவாரு."

ஆசிர் குரலைத் தாழ்த்தினான். "அப்ப லதாம்மா விஷயத்த எடுத்து வுடு."

இரண்டு வருடத்துக்கு முன் தன் மகள் காவ்யா டெங்குவில் ஐ.சி.யூ.வில் கிடந்தபோது, ஸ்வர்ணலதா முதல்முறையாக இந்தத் தெருவுக்கு வந்தாள். சர்ச்சில் வெள்ளிக்கிழமை உபவாச ஜெபம். கடைசி வரிசையில், பொட்டை முந்தானையால் மறைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். காவ்யா பிழைத்தாள். டாக்டர், குலதெய்வம், பாஸ்டர் மூன்று தரப்பும் தனித்தனியே பெருமை எடுத்துக்கொண்டன. அதற்குப் பிறகும் ஸ்வர்ணலதா வருவது நிற்கவில்லை. இது ஊருக்கே தெரியும். சுரேஷ்பாபுவுக்கு மட்டும் தெரியாது. ஊரை ஆள்கிறவருக்கு ஊர்ச் செய்தி கடைசியாகத்தான் வந்து சேரும்.

"கேமரா முன்னாடி ஒரே வார்த்த, எலிசா. மனு அங்கியே செத்துரும்."

"அந்தம்மா என்ன நம்பி வந்து அழுதது. அத வித்துட்டு நாற்காலிய வச்சிக்கிறதா?"

"நாற்காலி கெடக்குது. குழாய வச்சிக்கலாமில்ல?"

எலிசா கழுவின மீனையே மறுபடி கழுவினாள்.

சனிக்கிழமை காலை ஆறரை மணிக்கு அலிபிரி அடிவாரத்தில் பதினொரு சர்பஞ்சுகள் கூடினார்கள். அதில் ஆறு பேர் பெண்கள். அவர்களில் ஐந்து பேருக்குப் பதிலாகப் பேச ஐந்து கணவர்கள் வந்திருந்தார்கள். ஆசிர் ஆட்டோவை ஓரம் கட்டிவிட்டுத் தூணோரமாக நின்றான். லோக்கல் சேனல் ஜெயபிரகாஷ் மைக்கைத் துடைத்துக்கொண்டிருந்தார். சுரேஷ்பாபு பட்டு வேட்டியில், ஸ்வர்ணலதாவோடும் மச்சானோடும் காரிலிருந்து இறங்கினார். அவருடைய நாமம் நெற்றி போதாமல் வழுக்கையிலும் கொஞ்சம் இடம் பிடித்திருந்தது.

மலையேறும் முன் அடிவார மண்டபத்தில் பெருமாளின் பாதுகைகளைத் தலையில் வைத்துக்கொண்டு வலம் வருவது வழக்கம். கனமானவை, இரண்டு கையாலும் பிடித்துக்கொள்ள வேண்டும். மற்றவர்கள் ஆளுக்கு ஒரு சுற்றுச் சுற்றி அடுத்தவரிடம் கொடுத்தார்கள். வெளிச்சம் சரியில்லை என்று ஜெயபிரகாஷ் சொன்னதால் சுரேஷ்பாபு மூன்றாவது சுற்றில் இருந்தார். அப்படியே எலிசாவின் எதிரே வந்து நின்றார்.

"சர்பஞ்ச் காரு, மேல கியூல உங்களுக்குக் கஷ்டம். அந்தத் தாள நானே ஜெராக்ஸ் எடுத்தாந்துட்டேன்."

கை இரண்டும் தலைமேல் இருந்ததால் கண்ணால் ஜாடை காட்டினார். மச்சான் ஒரு படிவத்தையும் பேனாவையும் நீட்டினார்.

"பயப்படாதீங்கம்மா. வேற மதம்னா எழுதிக் கையெழுத்துப் போடுங்க. நம்ம மதம்னா, 'நான் இந்து, சர்ச்சுக்குப் போனதே இல்ல'ன்னு கேமராவப் பாத்து ஒரு வார்த்த சொல்லிடுங்க. ரெண்டுல ஒன்னு. அவ்ளோதான்."

 தூணோரம் ஆசிர் 'சொல்லு, சொல்லு' என்று தலையை ஆட்டினான். எலிசா வாயைத் திறந்தாள்.

"நான் சர்ச்சுக்கு..."

ஸ்வர்ணலதாவின் கை தாலிச் சங்கிலியை இறுக்கிப் பிடித்தது. அவள் முகத்தில் ரத்தமே இல்லை. அந்த முதல் வெள்ளிக்கிழமை இதே முகம்தான் சிமெண்டுத் தரையில் நெற்றியை முட்டிக்கொண்டு, "எந்த சாமியா இருந்தாலும் சரி எலிசா, யாராவது ஒருத்தர் எழுந்து வரட்டும்" என்று அழுதது.

"சொல்லுங்கம்மா, போனதே இல்ல, அப்படித்தானே?" என்றார் சுரேஷ்பாபு.

எலிசா பேனாவை வாங்கினாள்.

"எந்தப் பேரு எழுதறது?"

"கார்டுல கீற பேருதாம்மா" என்றார் மச்சான் அவசரமாக.

சென்னம்மா என்று எழுதினாள். மதம் என்ற இடத்தில் பேனா கொஞ்ச நேரம் நின்றது. பிறகு, கிறிஸ்தவம் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள். தூணோரம் ஆசிர் கண்ணை மூடிக்கொண்டான். ஜெயபிரகாஷின் கேமரா, காசு கொடுத்தவரின் நாமத்தை விட்டு நகரவே இல்லை. எழுதியதை அது பார்க்கவில்லை.

மச்சான் கையை நீட்டினார். அதற்குள் வேறொரு கை வந்து தாளை எடுத்துக்கொண்டது.

"இன்னொரு தாளு குடுங்கண்ணா" என்றாள் ஸ்வர்ணலதா.

"யாருக்கு?" என்றார் சுரேஷ்பாபு.

"எனக்கு."

"லதா, வெளையாடற எடமா இது?"

"ஏமண்டி, காவ்யா ஐ.சி.யூ.ல கெடந்தப்ப நீங்க கட்சி மீட்டிங்ல இருந்தீங்க. நான் காலனி சர்ச்சுல இருந்தேன். இப்பவும் வெள்ளிக்கிழம போய்க்கினுதான் இருக்கேன். காலைல வெளக்கேத்தறேன், வெள்ளிக்கிழம ஜெபம் பண்றேன். மதம்னு இருக்கற எடத்துல என்னா எழுதணும், நீங்களே சொல்லுங்க. நீங்கதானே தர்ம ரக்ஷகரு."

பாதுகை ஒரு பக்கம் சாய்ந்தது. சுரேஷ்பாபு பிடித்துக்கொண்டார்.

"ஆஃப் பண்ணுய்யா அத!"

"லைவ் போய்க்கினு இருக்குது சார்" என்றார் ஜெயபிரகாஷ் பரிதாபமாக.

அப்போது பக்கத்து ஊர் சர்பஞ்ச் பத்மினி, பதவிக்கு வந்து முதல்தடவையாக, தன் வாயால் பேசினாள். "அப்ப எனக்கும் ஒன்னு குடுங்க. நான் வருஷா வருஷம் தர்காவுல சக்கர வச்சி ஓதிக்கினு வரேன்."

"நீ சும்மா இரு" என்றான் அவள் புருஷன்.

"நீ சும்மா இரு. நீ இடுப்புல கட்டிக்கினு கீற தாயத்து எந்த ஊரு? காட்டட்டுமா?"

யாரோ சிரித்தார்கள். ஜெயம்மா என்ற இன்னொரு சர்பஞ்ச் தனக்கு வேளாங்கண்ணியில் ஒரு மொட்டை பாக்கி இருப்பதாகச் சொல்லி, அதற்கும் தாள் உண்டா என்று மச்சானிடம் உண்மையான அக்கறையோடு கேட்டாள். "மொத்தம் எத்தன கொண்டாந்தீங்க?"

மச்சான் ஒன்றுதான் கொண்டுவந்திருந்தார். மண்டலத்தில் ஒருத்திக்குத்தான் தேவைப்படும் என்பது சுரேஷ்பாபுவின் கணக்கு.

தர்ம ரக்ஷகர் அசையாமல் நின்றார். கையை இறக்கினால் பாதுகை விழும். இறக்காமல் மனைவியை இழுத்துக்கொண்டு போகவும் முடியாது.

"அண்ணா, கொஞ்சம் சீக்கிரம் எறக்கறீங்களா?" வரிசையிலிருந்து ஒரு பெண்மணி குரல் கொடுத்தாள். "பின்னாடி நாப்பது பேரு நிக்கிறோம்."

மச்சான் வந்து பாதுகையை வாங்கி அவளிடம் கொடுத்தார். அதற்குப் பிறகும் சுரேஷ்பாபுவின் கைகள் கொஞ்ச நேரம் தலைமேலேயே இருந்தன.

யாத்திரை நடக்கத்தான் செய்தது, டிபன் சொல்லியாகிவிட்டது. சுரேஷ்பாபு முன்னால் வேகமாகப் படியேறினார். பேச்சுத் துணைக்குக்கூட யாரும் அவர் பக்கத்தில் போகவில்லை. பின்னால் எலிசாவும் ஸ்வர்ணலதாவும் சேர்ந்து ஏறினார்கள். முதல் கோபுரத்தைத் தாண்டியதும் எலிசா கேட்டாள்.

"தாளு எங்கம்மா?"

ஸ்வர்ணலதா கைப்பையைத் தட்டிக் காட்டினாள். "இங்கதான் இருக்கு. நீ கவலப்படாத. திங்கக்கிழமைக்குள்ள அவரு மனுவ வாபஸ் வாங்கிடுவாரு. நான் வாங்க வைக்கறேன்."

"குழா?"

"குழாய எவன் தொடுவான், பாக்கறேன்."

எலிசா கையெடுத்துக் கும்பிட்டாள். "நீங்க நல்லா இருக்கணும்மா. அத இங்கியே கிழிச்சிப் போட்டுடுங்களேன்."

ஸ்வர்ணலதா நாலு படி ஏறினாள். கிழிக்கவில்லை. மூச்சு வாங்க நின்று, பையைத் தோளில் ஏற்றிப் போட்டுக்கொண்டாள்.

"அடுத்த எலக்‌ஷன்ல நம்ம ஊரு சீட்டு ஜெனரல் லேடீஸ்க்கு வருதுன்னு பேசிக்கிறாங்க" என்றாள். "ஏன் எலிசா, உங்க காலனில மொத்தம் எத்தன ஓட்டு இருக்கும்?"

எலிசா மேலே பார்த்தாள். ஏற வேண்டிய படி இன்னும் மூவாயிரத்துக்கு மேல் இருந்தது.