மாற்றுக் கோட்டு

எண்பத்து மூன்று யூலை. கண்டியில் ஒரு குன்றின்மேல், மதிலும் காவற்கதவும் போட்ட பன்னிரண்டு பங்களாக்களில் ஒன்றுதான் தமிழ் வீடு. அங்கே கமலாசனி தனியே இருந்தாள். நீலக் கோட்டுப் போட்டு அந்த வீட்டு வளவுகளையெல்லாம் கூட்டும் வீரம்மாவும் அவளும் தினமும் பத்து மணிக்குக் குசினிப் படியில் வெற்றிலை போட்டு ஊர்க்கதை பேசுவார்கள். அயல்வீட்டுச் சீமாட்டிகளுக்கு அது பொறுக்காது.

அன்று கீழே நகரில் தமிழர் கடைகள் எரிந்தன. தடிகளோடு வந்த கூட்டம் தமிழ் வீடு எதுவென்று காவல்காரனை நெருக்கிக்கொண்டிருந்தது. பின்பக்கமாய் ஓடிவந்த வீரம்மா, தன் மாற்று நீலக் கோட்டைக் கமலாசனிக்கு மாட்டிவிட்டு, தோட்டையும் செருப்பையும் கழற்றச் சொன்னாள். கையில் கொடுத்த விளக்குமாற்றைக் கமலாசனி குடைபோல் பிடிக்க, வீரம்மா அதை வாங்கி அவள் தோளில் சாய்த்துவிட்டாள்.

"பேசாம எம் பின்னாலயே வாங்கம்மா. நம்மள யாரும் பாக்க மாட்டாங்க."

இருவரும் கூட்டத்தின் நடுவாலே நடந்தார்கள். கமலாசனிக்குத் தினமும் சல்யூட் அடிக்கிற காவல்காரன், கைவீசி அவர்களை வெளியே விரட்டினான்.

நகரசுத்தித் தொழிலாளரின் குடியிருப்பான மஹய்யாவவில் வீரம்மாவின் அறைக்குள் போனபிறகுதான் கமலாசனிக்குப் பேச்சு வந்தது.

"அவன் என்ர முகத்தைப் பாக்கவேயில்லை, வீரம்மா."

வீரம்மா குனிந்து அவளின் பாதத்து இரத்தத்தைத் துடைத்தாள்.

"எம் மொகத்தையும் பாத்ததில்லம்மா. மொத ரெண்டு வருசம் நீங்களுந்தான்."