தாலாட்டின் வேகம்

1913 அக்டோபர் 8, புதன். சிறு தவறு: மார்ச் 14 அன்று படம் எடுத்தபோது கேமராவின் கைப்பிடியை நொடிக்கு இரண்டு சுற்று சுற்றவில்லை. நேற்றைய காட்சியில்தான் தெரிந்தது.

எழுதிவிட்டு ஐலெர்ட் 'சிறு' என்பதை அடித்தான். அன்றைய தவறை முதல் வரியில் போட்டுவிட்டால் மீதியை நிம்மதியாக எழுதலாம் என்று நாட்குறிப்பு எழுதக் கற்றுக்கொடுத்த மாலை வகுப்பில் சொல்லியிருந்தார்கள். ஆய்வுக் குழுவோடு கிரீன்லாந்துப் பனியில் இருந்த இரண்டு குளிர்காலமும் அப்படித்தான் எழுதினான். இன்று பேனா நகரவில்லை.

அவன் எடுத்து வந்த படத்தைப் பார்க்க நார்வேயின் திரோம்சோ ஊரே திரண்டிருந்தது. திரையில் சறுக்கு வண்டி, நாய்கள், பின்னால் தோர்லைஃப். ஏப்ரலில் பனி பிளந்து கடலுக்குள் போன தோர்லைஃப். கோழி துரத்துகிறவன் மாதிரி அவன் குடுகுடுவென்று ஓடினான். கொட்டகை சிரித்தது. மூன்றாம் வரிசையிலிருந்து அவன் மனைவி குட்வெய் எழுந்து போனாள்.

மெதுவாகச் சுற்றி எடுத்ததை வழக்கமான வேகத்தில் காட்டினால் ஆள் ஓடத்தான் செய்வான். வெள்ளிக்கிழமைக் கப்பலில் படச்சுருள் பெர்கன் நகரக் கொட்டகைக்குப் போகிறது. அங்கேயும் சிரிப்பார்கள்.

வியாழன் மதியம் குட்வெய் வீட்டுக்குப் போனான். அவள் மீன் கழுவிக்கொண்டிருந்தாள்.

"பூட்ஸைக் கழட்டிட்டு வா தம்பி."

"அக்கா, அவர் அப்படி ஓடலை. தப்பு என் கையில."

"எனக்குத் தெரியாதா? கல்யாணத்துக்கே அரை மணி நேரம் கழிச்சு வந்த மனுஷன். அவராவது, ஓடறதாவது." கத்தியை எடுத்தாள். "ஏன் மெதுவா சுத்தின? கை விறைச்சுப்போச்சா?"

"இல்லக்கா. கணக்கு தப்பாம இருக்க ஒரு பாட்டை முணுமுணுத்துக்கிட்டே சுத்துவேன். பட்டாளத்துக்காரங்க நடைக்கு வாசிக்கிற பாட்டு. உங்க வீட்டுக்காரர் தினம் நாய்ங்களுக்கு ஒரு தாலாட்டு பாடுவார், சீல் குட்டி தூங்குற பாட்டு. அன்னிக்கு அது வாயில ஒட்டிக்கிச்சு. கை அதோட போயிடுச்சு."

கத்தி நின்றது.

"அது எங்க பாப்பாவுக்குன்னு அவரே கட்டின பாட்டு. அதை நாய்க்கா பாடினாரு?" மீனைத் தண்ணீரில் போட்டாள். "அதைக் கேட்டு பாப்பா ஒரு நாளும் தூங்கினதில்ல. நாய்ங்களாவது தூங்குச்சா?"

"நாங்கல்லாம் தூங்கிடுவோம்."

அவள் இடுப்பில் கட்டியிருந்த துணியில் கையைத் துடைத்தாள். "சரி, அவர் நடக்கிறதைக் காட்டு."

இருவரும் கொட்டகைக்குப் போனார்கள். படத்தை மெதுவாக ஓட்டக் கொட்டகைக்காரர் ஹக்பார்ட் ஒத்துக்கொள்ளவில்லை. "மெதுவா சுத்தினா விளக்குச் சூட்டுல படம் பத்திக்கும்டா. கொட்டகையை நீயா கட்டித் தருவ?"

"விளக்கைக் குறைச்சுக்கலாம்."

"குறைச்சா ஆவி நடமாடுற மாதிரி தெரியும்."

"நடை தெரிஞ்சா போதும் அண்ணே," என்றாள் குட்வெய். ஹக்பார்ட் ஒரு வாளி மணலைத் தூக்கி வந்து பக்கத்தில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார்.

ஐலெர்ட் படம் காட்டும் கருவியின் கைப்பிடியைப் பிடித்தான். பாட்டு நினைவுக்கு வரவில்லை. ஏழு மாதமாக வாயில் கிடந்த பாட்டு. அவன் விழிப்பதைப் பார்த்த குட்வெய் பெஞ்சில் இருந்தபடியே அந்தத் தாலாட்டை மெல்ல முணுமுணுக்க ஆரம்பித்தாள். அவன் கை அதைப் பிடித்துக்கொண்டது.

மங்கலான திரையில் தோர்லைஃப் நடந்து வந்தான். இடது பாதத்தைச் சற்று வெளியே தள்ளி வைக்கும் அதே நடை. கடைசி நாயின் தலையைத் தடவி, இந்தப் பக்கம் திரும்பி ஏதோ சொன்னான்.

"நிறுத்து, நிறுத்து. என்ன சொல்றாரு?"

"நிறுத்தினா எரிஞ்சிடும்க்கா. 'காபி கொதிச்சிடுச்சா'ன்னு கேட்டாரு."

"வேற என்னத்தைக் கேப்பாரு," என்றாள். பாட்டை விட்ட இடத்திலிருந்து எடுத்தாள்.

நான்கு முறை ஓட்டினார்கள். ஐந்தாவது முறை போடச் சொன்னவர் ஹக்பார்ட். அந்த முறை ஐலெர்ட் கடிகாரத்தை எதிரே வைத்து எண்ணினான்.

அன்று நாட்குறிப்பில் எழுதினான்:

அக்டோபர் 9, வியாழன். பத்து நொடிக்குப் பதினான்கு சுற்று. நாளை காலை ஏழு மணிக்குக் குட்வெய் வீட்டில் பாட்டின் வரிகளை எழுதி வாங்க வேண்டும். 'விளக்கைக் குறைத்து, இந்தப் பாட்டின் வேகத்தில் சுற்றவும்' என்று சீட்டு எழுதி, எண்ணிக்கையையும் போட்டு, சுருள் பெட்டியின் மூடியில் ஒட்ட வேண்டும். கப்பல் பத்து மணிக்கு. அதற்குள் பசை காய வேண்டும்.